ஒளிப்படமும் தீண்டாமையும் – 9: ‘இங்கே இல்லை’ என்ற பதிலுக்கு எதிராக

இந்தியாவுக்கு வந்த கேமரா முதலில் சாதியின் பக்கம்தான் நின்றது. 1868 முதல் 1875 வரை லண்டனில் எட்டுத் தொகுதிகளாக வெளிவந்த ‘இந்திய மக்கள்’ என்ற படநூல், தான் பிடித்த முகங்களைப் பெரும்பாலும் சாதியின் பெயராலும் குலத்தின் பெயராலுமே அறிமுகப்படுத்தியது. 1885-ல் சென்னை அருங்காட்சியகத்தின் கண்காணிப்பாளர் ஆன எட்கர் தர்ஸ்டன், மூக்கையும் மண்டையையும் அளக்கும் கருவிகளோடு கேமராவையும் எடுத்துக்கொண்டு தென்னிந்தியாவில் அலைந்தார். கே. ரங்காச்சாரியின் துணையுடன் 1909-ல் அவர் கொண்டுவந்த ஏழு தொகுதிகள் இன்றும் நூலகங்களில் இருக்கின்றன. அந்தப் படங்களில் நிற்கும் மனிதர் தம் சாதிக்கு ஒரு மாதிரி, அவ்வளவுதான். அவர் என்ன வேலை செய்து கைகாய்த்தார், எந்தக் கிணற்றில் அவரைத் தண்ணீர் எடுக்க விடவில்லை என்று படம் கேட்கவில்லை.

அந்தக் கேள்வியைக் கேட்கும் படங்கள் முதலில் வேறு நாடுகளில் எடுக்கப்பட்டன. 1942-ல் வாஷிங்டனில், அரசு அலுவலகம் ஒன்றில் தரை துடைத்துவந்த எல்லா வாட்சன் என்ற கறுப்பினப் பெண்ணை கார்டன் பார்க்ஸ் படம் எடுத்தார். பின்னால் அமெரிக்கக் கொடி தொங்குகிறது. அந்தப் பெண்ணின் கையில் துடைப்பம், பக்கத்தில் தரை துடைக்கும் மாப்பு. புள்ளியிட்ட உடை, மெல்லிய கண்ணாடி, நேராகப் பார்க்காத பார்வை. படத்தில் அடியில்லை, ரத்தமில்லை. ஆனால் அந்தக் கொடி யாருக்கு உரியது என்ற கேள்வியைப் பார்ப்பவர் தட்டிக்கழிக்க முடியாது. பதினான்கு ஆண்டுகள் கழித்து, 1956-ல், இதே பார்க்ஸ் அலபாமா மாநிலத்தின் நிறப் பாகுபாட்டை ‘லைஃப்’ இதழுக்காக வண்ணத்தில் பதிவுசெய்தார். வெள்ளையருக்குத் தனி வாசல், மற்றவருக்குத் தனி வாசல், குடிநீர்க் குழாயும் தனித்தனி. இதழ் வெளியானதும், அதில் படம் வந்த குடும்பம் ஒன்று வேலையை இழந்து ஊரைவிட்டே வெளியேற நேர்ந்தது. எடுத்தவர் நியூயார்க்குக்குத் திரும்பிவிடலாம், எடுக்கப்பட்டவர் அங்கேயே வாழ வேண்டும். இந்த வகைப் படங்களின் வரலாறு நெடுக, தமிழ்நாட்டிலும், இந்தச் சிக்கல் கூடவே வருகிறது.

தமிழ்நாட்டுக் கதைக்கு இன்னும் நெருக்கமானது மெம்பிஸ் நகரம். 1968 பிப்ரவரி 1 அன்று அங்கே குப்பை லாரியின் நசுக்கும் இயந்திரத்தில் சிக்கி இரண்டு துப்புரவுத் தொழிலாளர்கள் இறந்தார்கள். ஏறத்தாழ 1,300 பேர் வேலைநிறுத்தத்தில் இறங்கினார்கள். ‘நான் ஒரு மனிதன்’ என்று எழுதிய அட்டைகளைப் பிடித்து அவர்கள் வரிசையாக நிற்கும் காட்சியை எர்னஸ்ட் விதர்ஸ் படமாக்கினார். அவர்களுக்கு ஆதரவு தர வந்திருந்த மார்ட்டின் லூதர் கிங் ஏப்ரல் 4 அன்று அதே நகரத்தில் சுட்டுக் கொல்லப்பட்டார். அதற்கு முந்தைய ஆண்டு தென்னாப்பிரிக்கரான எர்னஸ்ட் கோலின் ‘அடிமை வீடு’ என்ற படநூல் அமெரிக்காவில் வெளிவந்திருந்தது. சுரங்க வேலைக்கு வந்த ஆண்களை நிர்வாணமாக வரிசையில் நிறுத்தி மருத்துவப் பரிசோதனை செய்யும் அதன் படம், நிறவெறி ஆட்சி எப்படி நடந்தது என்பதை ஒரே பார்வையில் காட்டிவிடும். நூல் தென்னாப்பிரிக்காவில் தடைசெய்யப்பட்டது. நாடு திரும்ப முடியாமலேயே கோல் 1990-ல் நியூயார்க்கில் இறந்தார்.

தமிழர்களுக்கு வெகு அருகில் இந்தக் கதை தொடங்கும் இடமும் ஒரு சுரங்க ஊர்தான். கோலார் தங்கவயலில் 1880-களில் ஜான் டெய்லர் கம்பெனி சுரங்கம் தோண்டத் தொடங்கியதிலிருந்து, வட ஆற்காட்டிலிருந்தும் சித்தூரிலிருந்தும் சாரிசாரியாக மக்கள் அங்கே கூலி வேலைக்குப் போனார்கள். பெரும்பாலோர் தாழ்த்தப்பட்ட சாதிகளைச் சேர்ந்த தமிழர்கள். அரக்கோணம், காட்பாடி, ஜோலார்பேட்டை என்று மேற்கே போகும் ரயில் பாதை, பங்காருப்பேட்டையில் கிளை பிரிந்து தங்கவயலுக்குள் நுழைகிறது.

சுரங்கத் தொழிலாளர் குடியிருப்புகளில் கட்டப்பட்டிருந்தவை எடுப்புக் கக்கூஸ்கள். தண்ணீர் கிடையாது, குழாய் கிடையாது. முன்பக்கம் ஒருவர் உட்கார்ந்துவிட்டுப் போவார். விழுந்ததைப் பின்பக்கமாக இன்னொருவர் வழித்து வாளியில் அள்ளித் தலையிலோ வண்டியிலோ கொண்டுபோய்க் கொட்ட வேண்டும். மழைக்காலத்தில் வாளி ஒழுகும். அள்ளியவர்கள் பெரும்பாலும் தோட்டி என்று அழைக்கப்பட்ட சாதியினர். சுரங்கத்துக்குள் இறங்கும் தலித் தொழிலாளியும் அவர்களைத் தமக்குக் கீழேதான் வைத்தார். தங்கவயலின் இந்த உண்மையைச் சொல்லாமல் விடுவது அந்த மக்களுக்குச் செய்யும் அநீதி.

1966-ல் இப்படியொரு குடும்பத்தில் பிறந்தவர் பெஜவாடா வில்சன். தந்தையும் அண்ணனும் இந்த வேலையைச் செய்தவர்கள். படித்துவிட்டு வேலை கேட்டுப் போன வில்சனுக்கும் துப்புரவு வேலையே காட்டப்பட்டது. 1980-களில் அவர் தங்கவயலில் இருந்த எடுப்புக் கக்கூஸ்களைக் கணக்கெடுக்கத் தொடங்கினார். கையால் மலம் அள்ளுவதைத் தடைசெய்யும் சட்டம் 1993-ல் நாடாளுமன்றத்தில் நிறைவேறிய பிறகும் அங்கே வாளி தூக்குவது நிற்கவில்லை. வில்சன் கக்கூஸ்களைப் படம் எடுத்தார். அந்தப் படங்களைப் பிரதமருக்கு அனுப்பினார். சுரங்க நிர்வாகத்துக்குச் சட்ட நடவடிக்கை எடுப்பதாகக் கடிதம் எழுதினார். செய்தி ஆங்கில நாளிதழ் ஒன்றில் வந்தது, விவகாரம் நாடாளுமன்றம் வரை போனது. 1994-ல் நிர்வாகம் அவசரக் கூட்டம் போட்டு, எடுப்புக் கக்கூஸ்களைத் தண்ணீர்க் கழிப்பறைகளாக மாற்றவும், அள்ளுபவர்களுக்கு வேறு வேலை தரவும் முடிவெடுத்தது.

இந்தப் படங்களுக்குக் கலைக்கூடங்களில் இடம் கிடைத்திருக்காது. ஒரு சுவர், ஒரு துவாரம், ஒரு வாளி. வெளிச்சமும் சரியில்லாமல் இருந்திருக்கலாம். ஆனாலும் இந்தியாவில் சாதி ஒதுக்கலுக்கு எதிராக எடுக்கப்பட்ட படங்களில் இவற்றைவிட அதிகம் சாதித்தவை சிலவே. காரணம், அவை ஒரு பொய்யை நேருக்கு நேர் சந்தித்தன. நிறப் பாகுபாட்டை அலபாமா மறைக்கவில்லை, வாசலிலேயே பலகை மாட்டியிருந்தது. இந்தியாவில் தீண்டாமையைச் சட்டம் 1950-லேயே ஒழித்துவிட்டது. ஆகவே இங்கே அதிகாரியின் பதில் எப்போதும் ஒன்றுதான்: அப்படி எதுவும் எங்கள் பகுதியில் இல்லை. இந்தப் பதிலைத்தான் படம் எடுப்பவர் உடைக்க வேண்டியிருந்தது.

எஸ்.ஆர். சங்கரன், பால் திவாகர் ஆகியோருடன் சேர்ந்து வில்சன் உருவாக்கிய சஃபாயி கர்மசாரி ஆந்தோலன் இதையே நாடு முழுவதற்குமான வேலைமுறையாக ஆக்கியது. 2003-ல் அமைப்பு உச்ச நீதிமன்றத்தில் பொதுநல வழக்குத் தொடுத்தது. எங்கள் மாநிலத்தில் மலம் அள்ளுபவர் யாரும் இல்லை என்று அரசுகள் பிரமாணப் பத்திரம் தாக்கல் செய்தன. தொண்டர்கள் அந்தந்த ஊருக்குப் போய்க் கக்கூஸையும் அள்ளுபவரையும் படம் எடுத்து, விவரங்களோடு நீதிமன்றத்தில் கொடுத்தார்கள். பிரமாணப் பத்திரம் ஒரு பக்கம், படம் ஒரு பக்கம் என்று பதினோராம் ஆண்டு வரை வழக்கு இழுத்தது. இதற்கிடையே 2013-ல் மேலும் கடுமையான புதிய சட்டம் வந்தது. 2014 மார்ச் 27 அன்று வந்த தீர்ப்பு, 1993 முதல் சாக்கடையிலும் கழிவுநீர்த் தொட்டியிலும் இறந்த ஒவ்வொருவரின் குடும்பத்துக்கும் 10 லட்சம் ரூபாய் தர உத்தரவிட்டது. தண்டவாளத்தில் மலம் அள்ளும் வேலையைக் காலவரையறை வைத்து ஒழிக்க வேண்டும் என்று ரயில்வேக்கும் சொன்னது. பெட்டியின் கழிப்பறையிலிருந்து விழுவது நேரே தண்டவாளத்தில் விழுந்த காலம் அது. பெரிய நிலையங்களில் அதைச் சுத்தம் செய்தவர்களைத் தினமும் ஆயிரக்கணக்கான பயணிகள் நடைமேடையிலிருந்து பார்த்தார்கள்.

தமிழில் படத்தைச் சாட்சியாக்கும் இந்த வேலையைச் செய்த முதல் தலைமுறை, கையடக்க வீடியோ கேமராவோடு வந்த ஆவணப்பட இயக்குநர்கள். பிலிம் சுருளுக்குப் பணம் தேடி அலைந்த காலம் முடிந்து, ஒருவரே கேமராவைத் தூக்கிக்கொண்டு தெருவில் இறங்கலாம் என்ற நிலை 1990-களில் வந்தது. மதுரையில் ஆர்.பி. அமுதன் ‘மறுபக்கம்’ அமைப்பின் வழியாக 1998 முதல் ஆவணப்பட, குறும்பட விழாவை நடத்திவந்தார். நெல்லையில் காஞ்சனை திரைப்பட இயக்கத்தைச் சேர்ந்த ஆர்.ஆர். சீனிவாசன், 1999 ஜூலை 23 அன்று தாமிரபரணியில் நடந்ததைப் படமாக்கினார்.

அன்று மாஞ்சோலைத் தேயிலைத் தோட்டத் தொழிலாளர்களுக்காக, சிறையில் இருந்தவர்களை விடுவிக்கக் கோரி, ஆட்சியர் அலுவலகம் நோக்கிப் பேரணி வந்தது. போலீஸ் தடியடி நடத்தியது. தப்பிக்க வழியில்லாமல் மக்கள் ஆற்றில் இறங்கினார்கள். 17 பேர் இறந்தார்கள், அவர்களில் ஒரு கைக்குழந்தையும் உண்டு. விசாரிக்க நீதிபதி மோகன் ஆணையம் அமைக்கப்பட்டது. மக்கள் தாமாகவே நீரில் மூழ்கினார்கள் என்ற விளக்கத்துக்கு எதிரே, அன்று அங்கே பதிவான காட்சிகள் இருந்தன: கரையில் லத்தியோடு நிற்கும் போலீஸ், தண்ணீரில் இருப்பவர்கள், கரையேற விடாமல் விரட்டுவது. சீனிவாசனின் ‘நதியின் மரணம்’ இந்தக் காட்சிகளையும் உயிர்பிழைத்தவர்களின் வாக்குமூலங்களையும் வரிசைப்படுத்தியது. இறந்தவர்கள் திரும்பவில்லை, ஆணையமும் மக்கள் பக்கம் நிற்கவில்லை. ஆனாலும் அந்த நாளைப் பற்றி இனி யார் எழுதினாலும் இந்தக் காட்சிகளைத் தாண்டிப் போக முடியாது.

போலீஸ் தரப்பின் கதையைக் கேமரா கேள்வி கேட்க முடியும் என்பதை ஆவணப்பட இயக்குநர் ஆனந்த் பட்வர்தனும் காட்டினார். 1997 ஜூலை 11 அன்று மும்பை ரமாபாய் நகரில், அம்பேத்கர் சிலைக்குச் செருப்பு மாலை போட்டதை எதிர்த்துக் கூடிய மக்கள்மீது நடந்த துப்பாக்கிச் சூட்டில் 10 பேர் இறந்தார்கள். எரிவாயு டேங்கர் லாரிகளைக் கூட்டம் கொளுத்தப் பார்த்தது என்று சொல்லப்பட்டது. பதினான்கு ஆண்டு உழைப்பில் 2011-ல் வந்த ‘ஜெய் பீம் காம்ரேட்’ இந்தக் கூற்றை எடுத்துக் கேள்விக்குள்ளாக்கியது.

அமுதனின் ‘பீ’ 2003-ல் வந்தது. தலைப்பையே வாய்விட்டுச் சொல்ல நாகரிகர்கள் கூச்சப்பட்டார்கள். மதுரையின் ஒரு தெருவைத் தினமும் சுத்தம் செய்யும் துப்புரவுப் பணியாளர் ஒருவரைக் கேமரா பின்தொடர்கிறது, அவ்வளவே படம். சுமார் 25 நிமிடம். தெருவில் மக்கள் கழித்துவிட்டுப் போனதை அவர் கூட்டுகிறார், அள்ளுகிறார், அடுத்த இடத்துக்கு நகர்கிறார், மறுபடி கூட்டுகிறார். இடையில் தம் வாழ்க்கையைப் பேசுகிறார். விளக்கவுரை படிக்கும் கம்பீரக் குரல் இல்லை. கண்ணைத் திருப்பிக்கொள்ள விரும்பும் பார்வையாளரைப் படம் விடுவதில்லை, ஏனென்றால் அந்தப் பணியாளரும் கண்ணைத் திருப்பிக்கொள்ள முடியாது. தமிழில் எடுக்கப்பட்ட ஆவணப்படங்களில் நேர்மையால் உயர்ந்து நிற்கும் படம் இது. தொடர்ந்து சுடுகாட்டில் வேலை செய்பவர்களைப் பற்றி ‘மயானக் குறிப்புகள்’, செருப்புத் தைக்கும் அருந்ததியர்களைப் பற்றி ‘செருப்பு’ ஆகிய படங்களை அமுதன் எடுத்தார்.

பாரதி கிருஷ்ணகுமார் 2005-ல் கீழ்வெண்மணிக்குக் கேமராவோடு போனார். 1968 டிசம்பர் 25 இரவு, கூலி உயர்வு கேட்ட தலித் விவசாயத் தொழிலாளர்களின் குடும்பங்களில் 44 பேர் ஒரே குடிசைக்குள் வைத்து எரிக்கப்பட்ட ஊர் அது. பெண்களும் குழந்தைகளுமே மிகுதி. அந்தக் குடிசையின் உரிமையாளர் பெயரிலேயே ‘ராமையாவின் குடிசை’ என்று படத்துக்குத் தலைப்பு வைக்கப்பட்டது. நிலவுடைமையாளர்களை உயர் நீதிமன்றம் விடுவித்திருந்தது. முப்பத்தேழு ஆண்டுகள் கழித்து, பார்த்தவர்கள் முதுமை எய்தியிருந்த நேரத்தில், அவர்களின் சொற்கள் பதிவாகின. இன்னும் பத்தாண்டு தாமதித்திருந்தால் அவற்றில் பல கிடைக்காமலே போயிருக்கும்.

ஸ்டாலின் கே. நான்கு ஆண்டுகள் எட்டு மாநிலங்களில் எடுத்த ‘தீண்டப்படாத இந்தியா’ 2007-ல் வெளிவந்தது. தீண்டாமை இந்துக்களோடு நிற்பதில்லை, நான்கு மதங்களிலும் இருக்கிறது என்று அது காட்டியது. மறு ஆண்டு மதுரை மாவட்டம் உத்தப்புரத்தில், தலித் குடியிருப்பைப் பிரித்து நின்ற சுவரின்மேல் மின்கம்பி ஓடிய செய்தியும் படமும் நாளிதழ்களில் வந்தன. தீண்டாமை ஒழிப்பு முன்னணியும் மார்க்சிஸ்ட் கட்சியும் போராடின. 2008 மே 6 அன்று மாவட்ட நிர்வாகம் சுவரின் ஒரு பகுதியை இடித்துப் பாதை திறந்தது. ஏறத்தாழ இருபது ஆண்டுகளாக அந்தச் சுவரை அதிகாரிகள் பார்க்காமலா இருந்தார்கள்? வெளியூர்க் கண்கள் பார்த்த பிறகுதான் அது இடிக்கப்பட்டது.

2015 அக்டோபரில் மதுரையில் கழிவுநீர்க் குழியில் இறங்கிய இருவர் இறந்தார்கள். அந்தப் போராட்டத்தில் நின்ற திவ்யபாரதி, தமிழ்நாடு முழுக்கச் சுற்றி எடுத்த படம் ‘கக்கூஸ்’. 2017 பிப்ரவரியில் அது வெளியானது. ஒன்றே முக்கால் மணி நேரத்துக்கு மேல் ஓடும் இந்தப் படத்தில் பேசுபவர்கள் துப்புரவுப் பணியாளர்களே. கையுறை கேட்டால் என்ன பதில் கிடைக்கும், ஒப்பந்தக்காரர் எப்படி நடத்துவார், வேலை முடிந்து சோற்றில் கை வைக்கும்போது என்ன தோன்றும் என்று அவர்கள் சொல்லச் சொல்ல, மலம் அள்ளுபவர் இல்லை என்ற அரசின் வாதம் சிதறிப்போகிறது. ஊர் ஊராகத் திரையிட முயன்றபோது பல இடங்களில் போலீஸ் அனுமதி மறுத்தது. படம் யூடியூபுக்குப் போனது, லட்சக்கணக்கானோர் பார்த்தார்கள். 2017 ஜூலை 25 அன்று, மாணவியாக இருந்தபோது 2009-ல் கலந்துகொண்ட ஒரு போராட்ட வழக்கில் திவ்யபாரதி கைது செய்யப்பட்டு, அன்றே பிணையில் வந்தார். தொடர்ந்து ஆபாசத் தொலைபேசி அழைப்புகள், கொலை மிரட்டல்கள், படத்தின் மேலேயே ஒரு வழக்கு. மலத்தை அள்ள வைத்தவர்கள்மீது பாயாத வேகத்தில் சட்டம் அதைப் படம் எடுத்தவர்மீது பாய்ந்தது.

‘கக்கூஸ்’ படத்துக்கு ஒளிப்பதிவு செய்தவர் மதுரையைச் சேர்ந்த எம். பழனிக்குமார். மீன் விற்றுக் குடும்பம் நடத்திய தாயின் மகன், கடன் வாங்கிக் கேமரா வாங்கியவர். விஷவாயு தாக்கி ஒருவர் இறந்தால் அன்று ஊடகங்கள் குழியைச் சுற்றி நிற்கும், அடுத்த நாள் போய்விடும். பழனிக்குமார் அந்த வீடுகளுக்குத் திரும்பத் திரும்பப் போனார். இறந்தவர்களின் பிள்ளைகளை எடுத்த படங்களை ‘நானும் ஒரு குழந்தை’ என்ற கண்காட்சியாக வைத்தார். வீட்டுச் சுவரில் மாலை போட்ட தகப்பன் படம், அருகில் பள்ளிக்குப் போகும் பிள்ளை. இவை பரிதாபத்தைப் பிச்சையாகக் கேட்கும் படங்களாக இல்லை. துயரத்தை மட்டுமே காட்டிக்கொண்டிருந்தால், தர்ஸ்டன் காலத்தைப் போலவே அந்த மனிதர் மறுபடியும் ஒரு மாதிரியாகிவிடுவார். இவரது படங்களில் ஒவ்வொருவருக்கும் பெயரும் வீடும் உறவும் இருக்கின்றன.

கதைப்படங்களும் இந்த வேலையில் சேர்ந்துகொண்டன. தலித் முதியவர் ஒருவரின் உடலைப் பொதுப்பாதையில் எடுத்துச்செல்ல விடாத கொடுமையை அம்ஷன்குமாரின் ‘மனுசங்கடா’ (2017) சொன்னது. மாரி செல்வராஜின் ‘பரியேறும் பெருமாள்’ (2018) திரையரங்குகளில் ஓடி வெற்றி பெற்றது. சென்னையில் கழிவுநீர்த் தொட்டிக்குள் இறக்கப்பட்டு இறந்த இளைஞனுக்காகத் தாய் நீதிமன்றப் படியேறும் ‘விட்னஸ்’ (2022) கிட்டத்தட்ட ஆவணப்படத்தின் நேர்மையோடு எடுக்கப்பட்டது.

இதற்குள் கேமரா எல்லோருடைய சட்டைப்பைக்கும் வந்துவிட்டது. 2020 அக்டோபரில் கடலூர் மாவட்டம் தெற்குத்திட்டை ஊராட்சிக் கூட்டத்தின் ஒரு படம் கைப்பேசிகளில் பரவியது. மற்றவர்கள் நாற்காலியில் இருக்க, ஊராட்சித் தலைவரான தலித் பெண் தரையில் உட்கார வைக்கப்பட்டிருந்தார். வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்தின்கீழ் வழக்குப் பதிவானது, ஊராட்சிச் செயலாளர் பணியிடை நீக்கம் செய்யப்பட்டார். அதற்கு இரண்டு மாதம் முன்னால், திருவள்ளூர் மாவட்டம் ஆத்துப்பாக்கம் ஊராட்சியின் தலித் பெண் தலைவரைச் சுதந்திர தினத்தன்று கொடியேற்ற விடவில்லை. செய்தி வெளியே வந்ததும், ஆகஸ்ட் 20 அன்று ஆட்சியரே வந்து அவரைக் கொடியேற்ற வைத்தார். இதே போன்ற கூட்டங்களும் கொடியேற்றங்களும் படம் பிடிக்கப்படாமல் எத்தனை ஊர்களில் நடக்கின்றன என்பதற்குக் கணக்கில்லை.

2023 அக்டோபர் 20 அன்று உச்ச நீதிமன்றம், கழிவுநீர்க் குழி மரணத்துக்கான இழப்பீட்டை 30 லட்சம் ரூபாயாக உயர்த்தியது. நிரந்தர ஊனத்துக்குக் குறைந்தது 20 லட்சம், மற்ற ஊனத்துக்குக் குறைந்தது 10 லட்சம். ஆனால் இறந்தவரை வேலைக்கு இறக்கியது யார் என்ற கேள்வி ஒவ்வொரு முறையும் எழுகிறது. தாமாகவே இறங்கினார், எங்கள் ஆளே இல்லை என்று ஒப்பந்தக்காரர்கள் கைகழுவுவது வழக்கம். அதனால் செய்தி கேட்டவுடன் ஓடிவரும் தொண்டர்கள் குழி, கயிறு, லாரியின் எண், அங்கே நிற்கும் மேற்பார்வையாளர் என்று முதலில் படம் எடுத்து வைக்கிறார்கள். பழனிக்குமார் இப்போது துப்புரவுப் பணியாளர்களின் பிள்ளைகளுக்கும் மீனவர் பிள்ளைகளுக்கும் படமெடுக்கக் கற்றுத்தருகிறார். வடசென்னையின் பிள்ளைகள் தங்கள் தெருவையும் வீட்டையும் வேலைக்குப் போய்வரும் தாய் தகப்பனையும் தாங்களே எடுத்த படங்கள் சென்னையில் காட்சிக்கு வைக்கப்பட்டிருக்கின்றன.

(தொடரும்)